அறுபது ஓட்டு ஓரெஸ்ட்

கனடாவின் சஸ்காட்செவன் மாகாணத்தில் எங்கள் வில்லோ பட் தொகுதியிலேயே செப்டிக் டேங்க் லாரி வைத்திருப்பவன் நான் ஒருவன்தான். அதனால் ஓரெஸ்ட் ஹ்லாடுனைத் தெரியாத வீடு கிடையாது. என்னைக் கண்டதும் கை கொடுப்பதற்கு முன் மூக்கைத் தொட்டுக்கொள்வார்கள், அவ்வளவுதான். இந்தப் புகழை நம்பி நான் மாகாணத் தேர்தலில் நிற்கவில்லை. நின்றதே தவறுதலாக.

ஆகஸ்டில் ஒரு பண்ணையில் குழாயை இறக்கிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. பம்பு இரைச்சலில் ஒரு குரல், "உங்க பேரைப் போட்டுக்கலாமா?" என்றது.

"தாராளமா. எந்த நாளு?"

"அக்டோபர் கடைசித் திங்கள்."

"தரை உறையறதுக்குள்ள தொட்டியை முடிச்சிரலாம்" என்றேன்.

பத்து நாள் கழித்து ஒரு கடிதம் வந்தது. 'சமவெளி உரிமைக் கட்சி வேட்பாளர் மதிப்பிற்குரிய திரு. ஹ்லாடுன் அவர்களுக்கு' என்று போட்டிருந்தது. அப்போதே மறுத்திருக்கலாம். ஆனால் ஐம்பத்தாறு வயது வரை என்னை யாரும் மதிப்பிற்குரியவன் என்று சொன்னதில்லை. கடிதத்தை நான்கு முறை படித்தேன்.

என் மனைவி வெர்னா முட்டைக்கோஸ் உருண்டையைத் தட்டில் வைத்தபடி, "நில்லு, நில்லு. உறிஞ்சுறதுல உனக்கு இல்லாத அனுபவமா!" என்றாள்.

வீடு வீடாக ஓட்டுக் கேட்கப் போனேன். முதல் வீட்டில் கதவைத் திறந்த அம்மாள் நான் வாயைத் திறக்குமுன், "நல்லவேளை வந்தே, ஓரெஸ்ட். தொட்டி பின்பக்கம்" என்றாள். முதல் வாரப் பிரசாரத்தில் ஆறு தொட்டிகள் காலியாயின.

தேர்தலுக்கு நாலு நாள் முன்பு பனித்தரையில் கல் தள்ளி ஆடும் கர்லிங் அரங்கில் வேட்பாளர் கூட்டம். பெரிய கட்சிக்காரர்கள் இரண்டு பேரும் வரவில்லை. மேடையில் அவர்களுடைய காலி நாற்காலிகள், நான், அப்புறம் கிராம நலக் கட்சி இரீன் டேவ்ஸ். முப்பது வருடம் பள்ளிப் பேருந்து ஓட்டியவர். கீழே பத்தொன்பது பேர், பெரும்பாலும் அங்கே கொடுத்த பெர்ரிப் பழப் பலகாரத்துக்காக வந்தவர்கள்.

"ஆம்புலன்ஸ் வர ஒரு மணி நேரம் ஆகுது. என்ன பண்ணப் போறீங்க?" என்று ஒருவர் கேட்டார்.

கட்சி அனுப்பிய தாளைப் புரட்டினேன். மறுபக்கமும் பார்த்தேன். ஆம்புலன்ஸ் என்ற சொல்லே இல்லை.

இரீன் தாள் எதையும் பார்க்கவில்லை. "எங்க வீட்டுக்காரருக்கு மாரடைப்பு வந்தப்ப பஸ்ஸுலயே படுக்க வெச்சு நானே ஓட்டிட்டுப் போனேன். பாதி வழியில உயிர் போயிடுச்சு" என்றார். பிறகு குரல் மாறாமல், எத்தனை பேருக்கு முதலுதவிப் பயிற்சி தேவை, வண்டியை எங்கே நிறுத்தலாம் என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். அரங்கில் முதலில் கைதட்டியது நான்தான்.

"ஓரெஸ்ட், இதை மறுத்துப் பேச உனக்கு ரெண்டு நிமிஷம்" என்றார் கூட்டத் தலைவர்.

"மறுக்க ஒண்ணுமில்லீங்க. அந்த ரெண்டு நிமிஷத்தையும் அவங்களுக்கே குடுங்க."

அன்று எனக்குக் கிடைத்த ஒரே கைதட்டல் அதற்குத்தான்.

வாக்களிக்கும் நாளில் அட்டை மறைப்புக்குப் பின்னால் பென்சிலோடு நின்றேன். சீட்டில் என் பெயர் எவ்வளவு அழகாக அச்சாகியிருந்தது! ஆனாலும் கை இரீன் பெயருக்கு நேரேதான் பெருக்கல் குறி போட்டது.

முடிவு வந்தது. பெரிய கட்சி ஒன்று வழக்கம்போல் ஜெயித்தது. இரீன் அறுபத்தொன்று, நான் அறுபது. கடைசி இடம்.

வெர்னாவுக்குத் தாங்கவில்லை. "ஒரே ஒரு ஓட்டுல கடைசி ஆயிட்டியே!"

உண்மையைச் சொன்னேன். கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள்.

"முட்டாளே, அந்தம்மா பேசுனதைக் கேட்டு நான் அழுதேன். இருந்தும் உனக்குத்தான் போட்டேன், நீ அவமானப்படக் கூடாதேன்னு. உனக்கே உன்மேல இல்லாத நம்பிக்கையை நான் ஏன் வெச்சேன்?"

இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் அவளே என்னை இரீன் வீட்டுக்கு அழைத்துப் போனாள்.

ஜெயித்தவர் ஆம்புலன்ஸ் பக்கம் திரும்பவே இல்லை. இரீன் சொன்ன திட்டப்படி நாங்களே ஒரு பழைய வண்டியை ஏற்பாடு செய்து, ஏழு பேர் அந்தக் குளிர்காலம் முழுக்க முதலுதவி படித்தோம். முதல் தேர்வில் நான் ரப்பர் பொம்மையின் மார்பை அழுத்திய வேகத்தில் அதன் தலை கழன்று உருண்டது. இரண்டாம் முறைதான் தேறினேன்.

ஈஸ்டருக்கு மறுநாள் முதல் அழைப்பு வந்தது. நான் ஓட்டுக் கேட்கப் போன முதல் வீட்டு அம்மாளுக்கு மூச்சுத்திணறல். இரீன் வண்டியை ஓட்ட, நான் ஆக்ஸிஜன் முகமூடியைப் பிடித்துக்கொண்டேன். மருத்துவமனை வாசலில் அவள் அதை விலக்கிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"ஓரெஸ்ட், கையைக் கழுவினியா?"