கண் விழிக்கும் காட்சி

அக்கா சினிமாவுக்கு வந்தபோது கதாநாயகிக்குத் தோழி. சீக்கிரமே அண்ணியானார், அப்புறம் ஒரேயடியாக அம்மா. தன்னைவிட மூத்த கதாநாயகனையே "கண்ணா" என்று கட்டிப்பிடித்து அழுதவர். அவருக்கு ஆரம்பத்திலிருந்தே மேக்கப் போடுகிறவள் நான். பொய் நரை பூசிப் பூசியே நிஜ நரை வந்துவிட்டது. எனக்கு ஒரு வேலை மிச்சம்.

சினிமா கைவிட்டதும் சீரியல். அதில் எட்டு மாதமாகக் கோமா. மூக்கில் டியூப், கையில் பிளாஸ்திரி, வசனம் கிடையாது. "இன்னிக்கும் படுக்கத்தான் போறியாம்மா?" என்று வீட்டில் பெற்ற மகளே கேலி செய்வாள். சும்மா படுத்திருக்கச் சம்பளமா என்று மற்றவர்களுக்கு வயிற்றெரிச்சல். அந்த விளக்குச் சூட்டில் படுத்துப் பார்த்தால் தெரியும்.

அன்றைக்குத்தான் கண் விழிக்கும் காட்சி. மகனாக நடிப்பவர் "அம்மா" என்று கூப்பிட, அக்கா விழித்து ஒன்றரைப் பக்க வசனம் பேச வேண்டும். அவ்வளவு நீள வசனம் வந்து எத்தனையோ வருடமாயிற்று. மேக்கப் நாற்காலியில் உட்கார்ந்து என்னிடமே பேசிப் பேசிக் காட்டினார்.

"இத மட்டும் நல்லாப் பண்ணிட்டேன்னா, நானும் இருக்கேன்னு நாலு பேருக்குத் தெரியும்டி."

டியூப் ஒட்டிக் கட்டிலில் படுத்தாயிற்று, மகன் வரவில்லை. வேறு படப்பிடிப்பில் மாட்டிக்கொண்டாராம். "எந்திரிச்சா டியூப்பெல்லாம் மறுபடி ஒட்டணும்க்கா, அப்படியே இருங்க," என்றார் உதவி இயக்குநர். காலையில் இன்னொரு சீரியலுக்காக மாடிப்படி ஏறி இறங்கி அழுதுவிட்டு வந்த உடம்பு. சாயங்காலம்தான் மகன் வந்தார். வந்த வேகத்தில் கேமரா ஓடியது. "அம்மா... அம்மா..." என்று கூப்பிட்டார், உலுக்கினார். அக்கா அசையவில்லை. அவர் நிஜமாகவே பயந்துபோய் அழுதுவிட்டார்.

யாரோ "பேக்கப்பா? இன்னிக்கு அவ்வளவுதானா?" என்று கேட்டதுதான் தாமதம், அக்கா கண்ணைத் திறந்தார். செட்டே சிரித்தது. பேக்கப் என்றால் பிணமும் எழுந்து பஸ் பிடிக்கும் தொழில் இது.

"அசந்துட்டேன் தம்பி. இன்னொரு தடவை போகலாம், வசனம் அப்படியே மனசுல இருக்கு," என்றார் அக்கா.

இயக்குநர் மானிட்டரிலிருந்து தலையைத் திருப்பவில்லை. "வேணாம்க்கா. அவரு அழுதது பிரமாதமா வந்திருக்கு. நீங்க முழிக்கவே வேணாம். அந்த வசனத்த அவருக்கே மாத்தி எழுதி எடுத்துடலாம், அப்படியே படுத்துக்குங்க."

எனக்கு வாய்வரைக்கும் கெட்ட வார்த்தை வந்தது, விழுங்கிக்கொண்டேன். அக்கா மறுபடி படுத்துக்கொண்டார். டியூப்பைச் சரிசெய்யக் குனிந்தேன். மூடிய கண்ணோரம் ஈரம்.

"தொடச்சு விடுடி," என்றார், உதடு அசையாமல். "கோமால கெடக்கறவ அழக் கூடாது."