மூன்றாம் பக்கத்தில் விடுபட்ட வழி

முதலாண்டு நினைவு நாளில் இந்த மலரைக் கையில் வாங்கும் உறவினர்களும் நண்பர்களும் அப்பாவைப் பற்றி நல்லதையே எதிர்பார்ப்பீர்கள். நல்லது நிறைய இருக்கிறது. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

பூதலூருக்குக் கிழக்கே, மூன்று பக்கமும் வாய்க்கால் ஓடும் எங்கள் சிற்றூரில், கணக்குப்பிள்ளை குடும்பத்தில் அப்பா பிறந்தார். சிறு வயதிலேயே தகப்பனாரை இழந்து, தம்பிகள் இருவரைப் படிக்க வைத்து, பயிரும் பார்த்தார். யார் கேட்டாலும் மனு எழுதிக் கொடுப்பார். பொய் பேசாதவர் என்று ஊரில் பெயர்.

கோயில் குடமுழுக்கு மலருக்காக அப்பா ஊர் வரலாறு எழுதினார். மதகு கட்டிய கதை, பெருவெள்ளத்தில் கரை உடைந்த கதை, மூன்றாம் பக்கத்தில் ஊரின் தெருக்களும் பாதைகளும், எல்லாம் உண்டு. ராஜா ஒருவர் எங்கள் அரசமரத்தடியில் இளைப்பாறியதாகவும் எழுதினார். எந்த ஊர் வரலாற்றில்தான் ராஜா இளைப்பாறவில்லை? அப்போதுதான் பள்ளிப்படிப்பு முடித்திருந்த நான் அதைப் படியெடுத்துக் கொடுத்தேன்.

தாத்தாவின் பெட்டியில் பழைய கிராம வரைபடம் ஒன்று இருந்தது. ஊர்க் கணக்குப்பிள்ளையாக இருந்த தாத்தா இறந்தபோது அரசிடம் ஒப்படைக்கப்படாமல் வீட்டிலேயே தங்கிவிட்டது. அதில் விவசாயத் தொழிலாளர்கள் வாழும் கீழத்தெருவிலிருந்து சுடுகாடு வரை, எங்கள் வயலின் குறுக்கே ஒரு புள்ளிக்கோடு போயிற்று.

"இது என்னப்பா?"

"ஒத்தையடிப் பாதை. உழவுல எப்பவோ போயிடுச்சு. அதை எழுத வேணாம்மா."

நான் எழுதவில்லை. வரப்பெல்லாம் செங்கொடி நட்டுக் கூலி கேட்ட காலம் அது. ஓரடி விட்டுக்கொடுத்தால் வயலே போய்விடும் என்று நிலம் வைத்திருந்தவர்கள் பயந்தார்கள். பயந்தது உண்மை. அதனால் செய்தது சரியாகிவிடாது.

மறுவருடம் பாதை கேட்டுக் கீழத்தெருக்காரர்கள் மனுக் கொடுத்தார்கள். விசாரிக்க வந்த அதிகாரியிடம் அப்பா அந்த மலரை நீட்டினார்.

"நம்ம ஊர் வரலாறே இருக்கு, பாருங்க சார். இப்படி ஒரு பாதை எங்கயாவது இருக்கா?"

அதிகாரி பக்கங்களைப் புரட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டார். காபி கொண்டுவந்து வைத்த நான் வாயைத் திறக்கவில்லை.

அந்தக் கார்த்திகையில், எங்கள் வயலில் வருடாவருடம் நடவு நட்ட அஞ்சலை இறந்துபோனார். முழங்கால் சேற்றில், சம்பாப் பயிருக்கு நடுவே பாடையைத் தூக்கி வந்தார்கள். அப்பா வரப்பில் நின்றார்.

"பயிர் மிதிபடாம ஓரமா போங்கப்பா."

"சரிங்க ஆண்டே" என்றார் அஞ்சலையின் கணவர். சொல்லும்போதே முன்னால் தூக்கியவருக்குக் கால் வழுக்கியது. பாடை ஒரு பக்கம் சாய்ந்தது. விழுந்துவிடாமல் நெஞ்சோடு அணைத்துப் பிடித்தார்கள். எதிர் வரப்பில் அஞ்சலையின் மகள் மலர்க்கொடி பார்த்துக்கொண்டு நின்றார். நான் எங்கள் கொல்லையிலிருந்து பார்த்தேன்.

மலர்க்கொடி பிறகு செவிலியராகி, ஓய்வு பெற்று ஊருக்கே திரும்பினார். அப்பா படுத்த படுக்கையான பின், படுக்கைப்புண்ணுக்கு மருந்து வைத்துக் கட்ட ஐந்து மாதம் தினமும் வந்தவர் அவர்தான்.

"கொஞ்சம் ஒருக்களிச்சுப் படுங்க சார். எரியும், பொறுத்துக்கங்க."

"காபி சாப்ட்டுட்டுப் போம்மா" என்பார் அப்பா. பாதையைப் பற்றி அவரும் பேசவில்லை, இவரும் பேசவில்லை. நானும் அப்பா கண்மூடும்வரை காத்திருந்தேன். வெட்கமாக இருக்கிறது.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து, வரைபடத்தை மலர்க்கொடியிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். புள்ளிக்கோட்டின் மேல் விரலை வைத்துக் கடைசிவரை நகர்த்தினார்.

"இது எப்பலேர்ந்துக்கா உங்ககிட்ட இருக்கு?"

"உங்க அம்மா இருந்தப்பவே இருந்துச்சு."

அவர் வரைபடத்தை மடித்து எடுத்து வைத்தார். ஏன் மறைத்தீர்கள் என்று கேட்டிருக்கலாம்.

தம்பியும் நானும் கையெழுத்திட்டு, அந்தப் பாதை அளவுக்கு வயலை ஊராட்சிக்கு எழுதிக் கொடுத்தோம். இந்த மலர் தயாரானபோது சித்தப்பா, "அண்ணன் நினைவா நிலதானம்னு ஒரு வரி போட்டுடும்மா" என்றார். நானும் பெருமையாகவே எழுதி, மலர்க்கொடியிடம் படித்துக் காட்டினேன். அவர் குரலை உயர்த்தவில்லை.

"எழுதிக் குடுத்தது சரிக்கா. தானம்னு மட்டும் போடாதீங்க. அது எங்க வழி."

அங்கேயே உட்கார்ந்து அந்த வரியை அடித்தேன். இத்தனை வயதிலும் அதே தப்பைத்தான் மறுபடி செய்யப் பார்த்திருக்கிறேன்.

அப்பாவின் கடைசி நாட்களில் உடனிருந்த மருத்துவருக்கும், உறவினர்களுக்கும், தோள் கொடுத்த ஊராருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. மலர்க்கொடிக்கு நன்றி என்று எழுதிக் கடனைத் தீர்த்துவிட முடியாது. அப்பாவின் ஊர் வரலாறு இன்னும் பல வீடுகளில் இருக்கிறது. வைத்திருப்பவர்கள் தயவுசெய்து மூன்றாம் பக்கத்தில் இந்த வரியைச் சேர்த்துக்கொள்ளுங்கள்:

"கீழத்தெருவிலிருந்து சுடுகாட்டுக்கு, எங்கள் வயல் வழியாக, அந்தத் தெருவுக்குச் சொந்தமான பாதை ஒன்று உண்டு. அஞ்சலை அதில் போயிருக்க வேண்டும்."