கட்டைவிரல் பட்ட இடம்

மருத்துவக் கல்லூரிகளுக்கு உடலுறுப்பு மாதிரிகள் செய்யும் அந்தப் பட்டறையில் அவளைச் சிவப்பக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பதினெட்டு வருஷமாகச் சிவப்பைத் தவிர வேறு சாயம் தொட்டதில்லை. நீலம் பக்கத்து மேசைக்காரியின் ராஜ்ஜியம். பிளாஸ்டிக் இரைப்பைக்கு ரத்தம் கொண்டுவரும் குழாய்களைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வாள்: மேல் வளைவில் இடமிருந்து ஒன்று, வலமிருந்து ஒன்று; கீழ் வளைவிலும் அப்படியே இரண்டு; மண்ணீரல் பக்கம் பொடிப்பொடியாக நாலைந்து. பெயர் கேட்டால் மட்டும் முழிப்பாள். பெயரைக் கட்டிக்கொண்டு யார் அழுவது?

அவளிடம் ஒரு கெட்ட பழக்கம் உண்டு. இரைப்பையைப் பிடித்துத் தீட்டும்போது இடது கட்டைவிரல் கீழ் வளைவின் வலப்பக்கத்தை மறைத்திருக்கும். மற்றது காய்ந்தபின் அந்த இடத்தை நிரப்ப வேண்டும். அவசர நாட்களில் அப்படியே பெட்டிக்குள் போய்விடும்.

"விரலளவு இடத்த யார் பாக்கப்போறா?" என்பாள்.

கடைசியில் பார்த்தது அவளேதான். அவள் வீட்டுக்காரர் தையல்காரர்; அவருக்கு உணவுக்குழாயில் கட்டி. அவரோடு ஆஸ்பத்திரிக்குப் போனபோது அறுவை மருத்துவரின் மேசையில் அவள் தீட்டிய இரைப்பை ஒன்று உட்கார்ந்திருந்தது.

"உணவுக்குழாய எடுத்துட்டு, இரைப்பைய நீளக் குழாயா ஆக்கி மேல இழுத்துச் சேப்போம்," என்றார் மருத்துவர்.

"துணிப்பையப் பிரிச்சுச் சட்டைக்குக் கை தைக்கிற மாதிரி. நம்ம தொழில்தான் டாக்டர்," என்றார் வீட்டுக்காரர். சாகக் கிடந்தாலும் அந்த மனுஷனுக்கு வாய் மட்டும் அடங்காது.

"ஆமா. ஆனா அதுக்கு மத்த ரத்தக்குழாய்ல முக்காவாசியக் கட்டி வெட்டணும். அப்புறம் முக்கியமா இது ஒண்ண நம்பித்தான் இரைப்பை உயிரோட இருக்கும்."

மருத்துவரின் பேனா கீழ் வளைவில் வலமிருந்து ஓடி நின்றது. அங்கே சிவப்பே இல்லை. கட்டைவிரல் அகலத்துக்கு வெறும் பிளாஸ்டிக்.

"டாக்டர், இத நான்தான் தீட்டுனேன். அந்த இடத்த விட்டுட்டேன். ஒரு நாள் குடுங்க," என்று சொல்லும்போதே அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"உள்ள இருக்கறது விட்டுப்போகாதும்மா."

"தெரியும். இருந்தாலும் குடுங்க."

வீட்டில் வீட்டுக்காரர் இரண்டு கையாலும் இரைப்பையின் மேல்முனையைப் பிடித்துக்கொள்ள, அவள் தீட்டினாள். பதினெட்டு வருஷத்தில் முதல்முறையாக, தீட்டும்போதே அந்த வளைவு முழுசாக அவள் கண்ணுக்குத் தெரிந்தது.

"புடிக்க ஆள் வேணும்னு முன்னாடியே சொல்லியிருந்தா வந்திருப்பேன்ல?"

"வாய மூடிட்டு அசையாம புடிங்க," என்றாள். அவள் தன் கையை அவர் கைமேல் வைத்துக்கொண்டாள்.

அறுவை முடிந்து மருத்துவர் வெளியே வந்து, "மேல கொண்டுவந்து சேத்தாச்சும்மா. நல்ல ரோஜா நிறத்துல இருக்கு, ரத்தம் ஒழுங்கா ஓடுது," என்றார்.

வீட்டுக்காரர் எழுந்து நடமாடத் தொடங்கியதும் சிவப்பக்கா பட்டறைக்குப் போனாள். அனுப்பத் தயாராக நாற்பது பெட்டிகளை ஒட்டி அடுக்கியிருந்தார்கள். கத்தியை எடுத்தாள்.

"என்னக்கா இது? இன்னைக்கு வண்டி வருது!" என்று பதறினாள் நீலக்காரி.

"வரட்டும். இத எந்தப் பொண்டாட்டி முன்னாடி வச்சுக் காட்டுவாங்களோ," என்று சொல்லிக்கொண்டே முதல் பெட்டியைப் பிரித்தாள்.