இருநூற்றுப் பன்னிரண்டு காலடி

1997 மார்ச் 11, செவ்வாய்க்கிழமை. அன்றைய நாட்குறிப்பின் முதல் பாதி இப்படி இருக்கிறது: நாலே முக்காலுக்கு எழுந்தேன். ஐந்தரைக்குப் பிள்ளை மடுவத்தைத் திறந்தேன். பதினேழு பிள்ளைகள், இரண்டு பேருக்குச் சளி. 6.14 இறங்கும் ரயில். 7.50 ஏறும் ரயில், பின்னால் தள்ளு எஞ்சின். 9.05 தள்ளு எஞ்சின் திரும்பியது. பால் கொடுக்க ஐந்து தாய்மார் வந்து போனார்கள். மழை இல்லை.

கேகாலை மாவட்டத்தில் ஒரு ரப்பர் தோட்டத்துப் பிள்ளை மடுவத்தை அப்போது நான் பார்த்துக்கொண்டிருந்தேன். வயது நாற்பத்து நான்கு. தாய்மார் பால்வெட்டப் போகும்போது பிள்ளைகளை என்னிடம் விட்டுப் போவார்கள். நாங்கள் குடியிருந்த லயங்கள் மேட்டில், மடுவம் பள்ளத்தில், இரண்டுக்கும் நடுவே கொழும்பிலிருந்து கண்டிக்கு ஏறும் ரயில் பாதை. கேட் கிடையாது. குறுக்கே ஒரு ஒற்றையடிப் பாதை மட்டும்தான். அந்த இடத்தில் தண்டவாளம் வளைந்து, சற்று மேலே ஒரு சுரங்கத்துக்குள் நுழைகிறது.

ஏறும் ரயிலுக்கு நாங்கள் பயந்ததில்லை. முன்னால் ஒரு எஞ்சின் இழுக்க, பாரம் அதிகமான நாட்களில் பின்னால் இன்னொன்று முட்டித் தள்ள, பாறை அதிர அது வரும். பயமெல்லாம் அந்தத் தள்ளு எஞ்சின் திரும்பி வரும்போதுதான். மலை உச்சியில் ரயிலை விட்டுவிட்டுத் தனியாக இறங்கும். இறக்கத்தில் அதற்கு வேகம் கொடுக்க வேண்டியதில்லை, பிரேக் பிடித்தால் போதும். சத்தமே இல்லாமல் சுரங்கத்திலிருந்து கண்முன்னே வந்துவிடும். ஸ்டேஷனில் தொங்கும் நேர அட்டவணையில் அது இருக்காது, ஏனென்றால் அதில் ஆட்கள் ஏறுவதில்லை. அதற்கு முந்தைய வருடம் அது ஒரு சினை ஆட்டை அடித்தது. ஆட்டின் பின்னாலேயே மூன்று வயதுப் பெண் பிள்ளை ஒன்று போய்க்கொண்டிருந்தது. நான் ஓடிப்போய்ப் பிடித்தேன். பிள்ளையின் சட்டையைப் பிடித்த என் விரல்களை நானே ஒவ்வொன்றாகப் பிரிக்க வேண்டியிருந்தது.

அன்றிலிருந்துதான் எழுதத் தொடங்கினேன். தினமும் அந்தப் பகுதித் தண்டவாளத்தைச் சுத்தியலோடு நடந்து பார்க்கும் சிங்களக் கேங்காரர் ஒருவர் மடுவத்தில் தண்ணீர் குடிக்க வருவார். அவரிடம் கேட்டேன். ஒற்றைப் பாதையில் ஒரு ஸ்டேஷனுக்கும் அடுத்த ஸ்டேஷனுக்கும் இடையே ஒரு நேரத்தில் ஒரு ரயில்தான் போகலாம் என்றார். அதற்கு அத்தாட்சியாக டிரைவரிடம் டெப்லட் என்ற வட்டத் தகடு ஒன்று இருக்க வேண்டும். அது கையில் இல்லாமல் எந்த எஞ்சினும் நகராது, தள்ளு எஞ்சினும்தான். கொழும்பை விட்டுப் போவது டவுன், அதாவது கீழே; கொழும்புக்கு வருவது அப், அதாவது மேலே என்றும் சொன்னார். மலை ஏறுகிறதை டவுன் என்கிறீர்களே என்று சிரித்தேன். "வெள்ளைக்காரன் வைத்த பேர், அவனைத்தான் கேட்க வேண்டும்" என்றார். தள்ளு எஞ்சின் எத்தனை மணிக்குத் திரும்பும் என்பதையும் அவர்தான் சொன்னார்.

மூன்று மாதம் நானே பார்த்துக் குறித்தேன். சுரங்க வாயிலிலிருந்து எங்கள் பாதைவரை ஸ்லீப்பர் கட்டைகளின் மேல் நடந்து எண்ணினேன். இருநூற்றுப் பன்னிரண்டு காலடி. எஞ்சின் வாயிலில் தெரிந்தபின் கைப்பிள்ளையோடு கடக்க எவ்வளவு அவகாசம் என்று தெரிய வேண்டுமே. இதையெல்லாம் ஒரு தாளில் எழுதி, பாதையை ஒரு கோடாகவும் சுரங்கத்தைப் பிறை வடிவிலும் வரைந்து, எந்தப் பக்கமிருந்து எது வரும் என்று அம்புக்குறி போட்டேன். பால் கொடுக்க வரும் ஐந்து தாய்மாருக்கும் ஒவ்வொரு பிரதி கொடுத்தேன்.

அது எந்தக் காலம் என்று நான் யோசிக்கவில்லை. முந்தைய வருடம்தான் கொழும்புப் பக்கத்தில் ஆபீஸ் விட்டுப் போகிறவர்கள் நிறைந்த ரயிலில் குண்டு வெடித்திருந்தது. சந்திக்குச் சந்தி சோதனைச் சாவடி. தோட்டத்தில் எல்லோரும் அடையாள அட்டையைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு வைத்திருப்போம். நனையக் கூடாத எதையும் அதே உறையில்தான் செருகுவோம்: கோயில் திருநீறு, கிளினிக் துண்டு, பிள்ளையின் படம். அந்த ஐவரில் ஒருத்திக்கு வாசிக்கத் தெரியாது. அவள் புருஷன்தான் வாசித்துச் சொல்வான். தாளை மடித்து அவன் தன் அட்டைக்குப் பின்னால் செருகிக்கொண்டான். அவனுக்குப் பக்கத்து டவுனில் மர ஆலையில் வேலை.

நாட்குறிப்பின் இரண்டாம் பாதியை நான் அன்று எழுதவில்லை. பதினொன்றே காலுக்கு வாசிக்கத் தெரியாத அந்தத் தாய் ரப்பர் பால் வாளியைக்கூட இறக்கி வைக்காமல் மடுவத்துக்குள் ஓடிவந்தாள்.

"அக்கா, அவர புடிச்சிட்டாங்க. பஸ்ஸ நிப்பாட்டி அட்டைய கேட்டிருக்காங்க. உருவுனப்ப ஒங்க தாளு கீழ விழுந்திருச்சாம்."

"யாரு சொன்னா?"

"கூட போன ஆலைக்காரரு. பொலிசுக்கு கொண்டு போய்ட்டாங்களாம். ரயிலுக்கு குண்டு வைக்க வந்த புலின்னு பஸ்ஸுல ஒருத்தன் சொன்னானாம்." பிறகு என் முகத்தைப் பார்த்து, "எண்ணி எண்ணி எழுதுனீங்களே, இப்ப போய் எண்ணுங்க!" என்றாள்.

அவள் சொன்னது நியாயம். ரயில் வரும் நேரம், சுரங்கத்தின் படம், அம்புக்குறி, காலடிக் கணக்கு. அந்தத் தாளை அந்தக் காலத்தில் ஒரு தமிழனின் சட்டைப் பையிலிருந்து எடுத்தால் நானே என்ன நினைத்திருப்பேன்? எங்கள் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து இதைவிடச் சின்ன விஷயத்துக்குக் கொண்டுபோன ஒருவன் பதினான்கு மாதம் கழித்துத்தான் திரும்பினான். நான் போகாமல் இருக்கலாம். தாளில் என் பேர் இல்லை. எழுதியது நான்தான் என்று அவன் சொல்லத்தான் போகிறான், அதை அவர்கள் நம்புவார்களா இல்லையா என்பது வேறு. அடுப்பின் முன்னால் கொஞ்ச நேரம் அப்படியே நின்றேன். எவ்வளவு நேரம் என்று குறித்து வைக்கவில்லை.

பிள்ளைகளை அவளிடமே விட்டுவிட்டு, மடுவத்துப் பதிவுப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு புறப்பட்டேன். ரயில் லைன் ஓரமாகவே டவுனுக்கு நடந்தேன். வளைவில் கேங்காரர் எதிரே வந்தார். நடந்ததைச் சிங்களத்தில் சொன்னேன். அவர் சுத்தியலைக் கீழே வைத்தார்.

"எனக்கு இன்னும் இரண்டு வருஷ சர்வீஸ் இருக்கிறது, நங்கி," என்றார். தங்கை என்றுதான் எப்போதும் என்னை அழைப்பார். "என் பேரைச் சொல்லாமல் முடியுமானால் சொல்லாதே. முடியாவிட்டால் சொல்லு."

பொலிஸில் மேசைக்குப் பின்னால் ஒரு அதிகாரி. பக்கத்து அறையிலிருந்து இருமல் கேட்டது, அது அவனுடைய இருமல்தான். அதிகாரி தாளை என் பக்கம் திருப்பி வைத்தார்.

"மே மொனவாத?"

இது என்ன என்று கேட்கிறார். சிங்களம் எனக்குத் தமிழைப்போலத்தான் வரும். அன்று பயத்தில் தமிழே வரவில்லை. இது என் எழுத்து, உள்ளே இருப்பவருக்கு இதில் எந்தப் பங்கும் இல்லை என்று சொன்னேன். பிள்ளைகளைப் பற்றிச் சொன்னேன், தள்ளு எஞ்சின் அடித்த ஆட்டைப் பற்றிச் சொன்னேன். பதிவுப் புத்தகத்தைத் திறந்து ஒவ்வொரு தாயும் வந்து போன நேரத்தைக் காட்டினேன். அவருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. எண்களின் மேல் விரலை ஓட்டிப் பார்த்தார்.

"இந்த 9.05 அட்டவணையில் இல்லையே. தள்ளு எஞ்சின் வரும் நேரத்தை உனக்கு யார் சொன்னது?"

"யாரும் சொல்லவில்லை, சேர். மூன்று மாதம் பார்த்துக் குறித்தேன்."

"ரயில்வேயில் யாரைத் தெரியும்?"

"யாரையும் தெரியாது."

அவர் நம்பினாரா என்று முகத்தில் தெரியவில்லை. ஒரு கான்ஸ்டபிளைக் கூப்பிட்டு என் வாக்குமூலத்தை எழுதச் சொன்னார். அரை மணி நேரம் எழுதிவிட்டுக் கையெழுத்துப் போடு என்றார்கள். அங்கேதான் என் கை நின்றது. சிங்களம் பேசுவேனே தவிர வாசிக்கத் தெரியாது. அந்த இரண்டு பக்கத்தில் நானும் அவனும் குண்டு வைக்க வந்தோம் என்று இருந்தாலும் எனக்கு எப்படித் தெரியும்?

"ஒருமுறை வாசித்துக் காட்டுங்கள், சேர்," என்றேன். குரல் எனக்கே கேட்கவில்லை. இரண்டாவது முறை சொன்னேன்.

கான்ஸ்டபிள் அலுத்துக்கொண்டு வாசித்தார். பிள்ளைகள் இருந்தார்கள், ஆடு இருந்தது. சுரங்கத்திலிருந்து இருநூறு காலடி என்று வந்தபோது என் வாய் என்னைக் கேட்காமலே திறந்துவிட்டது.

"இருநூற்றுப் பன்னிரண்டு."

"என்ன?"

"இருநூறு இல்லை, சேர். இருநூற்றுப் பன்னிரண்டு."

கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். கான்ஸ்டபிள்தான் முதலில் சிரித்தார். "குண்டு வைக்கிறவள் இப்படித் திருத்துவாளா சேர்? எங்கள் பள்ளிக்கூடத்துக் கணக்கு டீச்சர் மாதிரி இருக்கிறாள்." அதிகாரி சிரிக்கவில்லை. பேனாவை வாங்கி எண்ணை அடித்துத் தானே திருத்தி எழுதினார். பிறகு என்னைக் கையெழுத்துப் போடச் சொன்னார். போட்டேன். யாரும் சொல்லவில்லை என்ற என் பொய்க்கும் கீழே அதே கையெழுத்துத்தான் இருக்கிறது.

தோட்டத்து மேனேஜர் துரையின் கடிதம் வேண்டும் என்றார்கள். தோட்ட ஆபீசுக்கு அவர்களே டெலிபோன் போட்டுக் கேட்டார்கள். கடிதம் வந்து சேர்ந்தபின், நாலு இருபதுக்கு அவனை விட்டார்கள். ஒரு காது வீங்கி, காலில் ஒரு செருப்பு மட்டும். இனிமேல் இப்படி எதையும் எழுதக் கூடாது, கொடுத்த தாளையெல்லாம் எரித்துவிட வேண்டும் என்பது உத்தரவு.

திரும்பும் வழியில் பஸ்ஸில் ஏற அவன் சம்மதிக்கவில்லை. நடந்தே வந்தோம். பாதி தூரத்தில் அவன் காதைத் தொட்டுப் பார்த்தான்.

"ரெண்டு காதுலயும் குடுத்தாங்க அக்கா. ஒண்ணுதான் வீங்கியிருக்கு."

"மன்னிச்சுக்கப்பா."

"நீங்க வரமாட்டீங்கன்னுதான் நெனச்சேன்." கொஞ்ச தூரம் போனபின், "இனிமே எங்க வீட்டுக்கு ஒரு எழுத்தும் வேணாம். கோயில் நோட்டீஸ்கூட வேணாம்" என்றான்.

அவன் மனைவி வாசலில் நின்றிருந்தாள். அவனை உள்ளே கூட்டிப்போனாள். அந்தியில் மற்ற நான்கு தாய்மாரின் லயத்துக் காம்பராக்களுக்கும் போய்த் தாள்களைத் திருப்பி வாங்கினேன். ஒருத்தி, "அப்ப நாளைக்கு நாங்க எப்படிக்கா தாண்டுறது?" என்று கேட்டாள். அவள் தாளையும் வாங்கிக்கொண்டேன். என் அடுப்பில் ஒவ்வொன்றாக வைத்தேன், மூன்று மாதக் குறிப்புகளையும் சேர்த்து. மேலே சொன்ன 11ஆம் தேதிப் பக்கத்தை மட்டும் கிழிக்க மறந்திருக்கிறேன், அல்லது மறந்ததாக வைத்துக்கொண்டிருக்கிறேன்.

மறுநாள் காலை, மடுவத்தைத் திறப்பதற்கு முன்பே முதல் வேலையாகப் பாதைக்குப் போனேன். சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு தண்டவாளங்களுக்கு நடுவில், சுரங்கத்தைப் பார்த்தபடி நின்றேன். லயத்துப் பக்கமிருந்து பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு அவன் மனைவிதான் முதலில் இறங்கி வந்தாள். கட்டைகளுக்கு அந்தப் பக்கம் நின்று என்னைப் பார்த்தாள்.

"இப்ப வா," என்றேன்.