கயிலைக்குப் போகாத ஜெகதீஸ்வரி

மொன்றியலுக்கு வந்த நாள்தொட்டு ஜெகதீஸ்வரி புறநகரான புவாண்ட்-கிளேரில் அலுவலகங்கள் துடைத்தாள். குடும்பத்தின் முதல் பட்டதாரியாக மகன் தனுஜன் புவியியல் படித்து முடித்தபோது அவள் கேட்டது ஒன்றுதான்.

"கயிலை எந்த நாட்டிலயடா இருக்கு?"

"சீனாவில. திபெத்துப் பக்கம். ஆனா பெரிய உயரமில்லையம்மா. மானசரோவருக்குத் தெற்கே குர்லா மாந்தாத்தா எண்டு ஒரு மலை, அதைவிட ஆயிரம் மீற்றர் கூட."

"இருக்கட்டும். சிவன் அளந்து பாத்துத்தானோ குடியேறினவர்?"

2008 தொடக்கத்தில் ரொறன்ரோ யாத்திரைக் குழுவொன்றில் தனக்கும் மகனுக்கும் பெயர் கொடுத்தாள். அன்றிலிருந்து, மலையேறக் கால் பழகவேண்டுமென்று, வேலைக்குப் புறப்படும்போது பார்க் எக்ஸ்டென்ஷன் மாடிவீட்டின் படிகளை ஒருமுறை இறங்கி, திரும்ப ஏறி, மறுபடி இறங்கித்தான் பஸ்ஸுக்குப் போவாள். இளவேனிலில் திபெத்தில் கலவரம் வந்து வெளிநாட்டவருக்குப் பாதை மூடப்பட்டது. "பேந்து திறப்பாங்கள்" என்று அவள் படியேறுவதை விடவில்லை.

திறந்தார்கள். ஆவணியில் குழுக்காரர் தனுஜனை அழைத்தார். "அம்மாவும் நீரும் வாறியள்தானே?"

அவன் அப்போதுதான் வரைபட அலுவலகமொன்றில் வேலைக்குச் சேர்ந்திருந்தான். சேர்ந்த கையோடு, மலையைச் சுற்றிக் கும்பிட லீவு கேட்க வெட்கமாக இருந்தது.

"அம்மாவுக்கு ஏலாது அண்ணை. மலையைச் சுத்திற வழியில, டொல்மா கணவாயில காத்தில ஒட்சிசன் பாதிதான்."

பொய்யில்லை. படித்த படிப்பு நல்ல சாட்சியாக வந்து நின்றது. அம்மாவிடம் மட்டும், "இன்னும் திறக்கேல்லையாம்" என்றான்.

ஐப்பசியில் ஒரு பின்னேரம் ரொறன்ரோவிலிருந்து அம்மாவின் தோழி கௌரி வந்தாள். அதே குழுவோடு கயிலை போய்த் திரும்பியவள். மானசரோவர்த் தண்ணீர்ப் போத்தலை மேசையில் வைத்தாள்.

"ஏனடி நீ வரேல்ல? ஆவணியிலயே திறந்திட்டாங்கள்!"

அம்மா தனுஜனின் முகத்தை ஒரு தரம் பார்த்தாள்.

"தம்பி சொன்னவன். வா வா எண்டுதான் நிண்டவன். எனக்குத்தான் முழங்கால் விடேல்லை."

கௌரி படங்களைக் காட்டினாள். ஒன்றில், ஏரிக்கு அப்பால் வெள்ளையாகப் பரந்து கிடந்தது ஒரு மலை.

"இதுவே தம்பி, நீ சொன்ன மற்ற மலை?" என்றாள் அம்மா.

"ஓமம்மா."

"சரிதான். பெரிசுதான்."

குரலில் குத்தல் இல்லை. குத்தியிருந்தால் அவனுக்குச் சுகமாக இருந்திருக்கும்.

கௌரி போனபின், "அம்மா..." என்று தொடங்கினான்.

"சோறு போடட்டே?" என்றாள் அவள்.

மறுநாள் விடிய அவள் படியிறங்கும் சத்தம் கேட்டது. திரும்ப ஏறுவாள் என்று தனுஜன் படுக்கையில் காத்துக் கிடந்தான்.

கீழே தெருக்கதவு சாத்திக்கொண்டது.