இந்திராணியின் மயிலையும் செவலையும்

ஆந்திராவின் சித்தூர் மாவட்டத்தில், வெதுருகுப்பம் பக்கம் மாட்டுவண்டி ஓட்டும் பெண் இந்திராணி ஒருத்திதான். புருஷன் இறந்துபோன பிறகு வண்டியை விற்றுவிடச் சொன்னவர்கள் அநேகம். மறுவாரமே அவள் வண்டியில் ஏறிக் கயிற்றைக் கையில் பிடித்தாள். நெல், புளி, வைக்கோல் எதுவானாலும் ஏற்றுவாள். இவ்வளவு நறுவிசாக வண்டி ஓட்டும் ஆண்பிள்ளை இந்தச் சுற்றுவட்டாரத்தில் இல்லை என்பது அவள் அண்ணன் ஏகாம்பரத்தின் தீர்மானமான எண்ணம்.

ஐப்பசியில் ஒருவன், தோப்பில் வெட்டிய மாவிறகு என்று சொல்லி வாடகை பேசினான். திருப்பதி சாலையில் வனத்துறையினர் வண்டியை நிறுத்திக் கட்டியிருந்த கயிற்றை அவிழ்த்தபோது, மாவிறகுக்கு அடியில் காட்டு மரம் கிடந்தது. வாடகை பேசியவன் அங்கேயே ஓடிவிட்டான். இந்திராணியிடம் வாக்குமூலம் எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பினார்கள். வண்டியையும் மயிலை, செவலை என்ற அவள் எருதுகள் இரண்டையும் திருப்பதியில் வனத்துறைக் கொட்டகையில் கட்டினார்கள். அவற்றை அரசாங்கமே எடுத்துக்கொள்வதா என்ற விசாரணை தொடங்கியது. அது எப்போது முடியும் என்று யாராலும் சொல்ல முடியவில்லை.

மறுநாள் முதல் பஸ்ஸில் இந்திராணி புல்லுக்கட்டோடு ஏறினாள். கட்டுக்கும் டிக்கெட் போடுவேன் என்று கண்டக்டர் தெலுங்கில் அதட்டினார். போடுங்கள் என்று காசை நீட்டினாள். நாலைந்து நாளில் அவரே கட்டைத் தூக்கி ஏற்றத் தொடங்கினார். செவலை புது ஆள் வைத்த தவிட்டில் வாய் வைக்காது. கொட்டகைக் காவலருக்கும் அது புரிந்துபோய், அவள் வரும் நேரத்துக்குத் தொட்டித் தண்ணீரை மாற்றி வைத்தார்.

"இப்பிடியே எத்தினி நாளுக்குப் போய்க்கினு வந்துக்கினு இருப்ப?" என்று கேட்டார் ஏகாம்பரம்.

"அதுங்களுக்குப் பசிக்கிற வரைக்கும்ணா."

சித்தூர் வக்கீல் ரேஷ்மாதான் வழி சொன்னார். விசாரணை அது பாட்டுக்கு நடக்கட்டும், முடியும்வரை மாடுகள் உங்களிடம் இருக்கும்படி கேட்கலாம் என்றார். திருப்பதியில் விசாரித்த அதிகாரி மறுத்துவிட்டதால் மனு சித்தூர் மாவட்டக் கோர்ட்டுக்குப் போனது.

மனு விசாரணைக்கு வந்த அன்றைக்கு ஏகாம்பரம் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அரசு வக்கீல் எழுந்து, மாடுகள் பத்திரமாக இருக்கின்றன, வேளைக்குத் தீனி கிடைக்கிறது, வெளியே விடத் தேவையில்லை என்றார். நீதிபதி காகிதத்திலிருந்து தலையைத் தூக்காமல், தீனி யார் வைக்கிறார்கள் என்று கேட்டார். அரசு வக்கீல் திரும்பி வனத்துறை அலுவலரைப் பார்த்தார். அலுவலர் இந்திராணியைப் பார்த்தார். பொய் சொல்லிப் பழகாத மனிதர். அந்த அம்மாதான் தினமும் வந்து வைக்கிறார் என்று சொல்லிவிட்டார்.

கோர்ட்டில் லேசாகச் சிரிப்பு பரவியது. உங்கள் கொட்டகையிலேயே அவர்தான் வளர்க்கிறார் என்றால், அவர் வீட்டில் வளர்ப்பதில் உங்களுக்கு என்ன கஷ்டம் என்றார் நீதிபதி. வண்டியையும் மாடுகளையும் விடச் சொல்லி உத்தரவானது. இருவர் ஜாமீன் நிற்க வேண்டும், விற்கக் கூடாது, கூப்பிடும்போது கொண்டுவந்து நிறுத்த வேண்டும், நிறத்தையோ தோற்றத்தையோ மாற்றக் கூடாது. லாரிக்கும் காருக்கும் எழுதுகிற அதே வாசகம்தான்.

ஏகாம்பரமும் அவர் மைத்துனரும் ஜாமீன் நின்றார்கள். போகியன்று மாடுகள் வீடு வந்தன. மாட்டுப்பொங்கல் காலையில் பக்கத்து வீட்டு லாரி டிரைவர் பவன்குமார், கொம்புக்கு அடிக்கச் சிவப்பும் பச்சையுமாகப் பெயிண்ட் டப்பாக்களோடு வந்து நின்றான். இந்திராணி குறுக்கே கையை நீட்டினாள்.

"வாணாம்பா. நெறத்த மாத்தக்கூடாதுன்னு கோர்ட்டுல எழுதிக்கீறாங்க."

"ஜட்ஜு கொம்பையா சொன்னாரு?"

"எதுன்னு சொல்லலியே. அதான் பயம்."

ரேஷ்மாவுக்குப் போன் போட்டாள். அவர் வெகுநேரம் சிரித்தார். பிறகு சற்று யோசித்து, எதற்கும் இந்த வருஷம் வேண்டாமே என்றார்.

சாயங்காலம் ஊர்மாடுகள் எல்லாம் வர்ணம் பூசிய கொம்புகளில் பலூன் ஆடக் கோயிலடியில் கூடின. மயிலையும் செவலையும் குளிப்பாட்டிய உடம்பும் கழுத்தில் சாமந்தி மாலையுமாக வந்து சேர்ந்தன.

"இன்னாடி, பெயிண்டுக்குக்கூடவா வக்கில்லாம பூட்ட?" என்றாள் எதிர்வீட்டுக் கமலம்மா.

இந்திராணி பதில் சொல்வதற்குள் பவன்குமார் முந்திக்கொண்டான்.

"தள்ளி நில்லு பெரிம்மா. கோர்ட்டு மாடு வருது. அதும்மேல ஒரு சொட்டு பட்டாலும் ஜட்ஜு கேப்பாரு."

கூட்டம் சிரித்துக்கொண்டே இரண்டாக விலகியது. யாரோ தப்பட்டைக்காரரை முன்னால் போகச் சொன்னார்கள். கயிற்றைத் தளரப் பிடித்து இந்திராணி நடந்தாள். வெறுங்கொம்போடு அவள் எருதுகள் இரண்டும் முதலில் போயின. வர்ணக் கொம்பு மாடுகளெல்லாம் பின்னால் வந்தன.