முன்னறையில் இரண்டு நாடுகள்

தையல்காரியின் கணவருக்குக் குச்சி மன்னர் என்று பெயர். வைத்தவள் அவள்தான்.

மீன் தொட்டி, சோப்பு என்று கை வைத்த வியாபாரத்தையெல்லாம் ஊற்றி மூடிய மனிதர் அவர். ஒரு கண்காட்சியில், குச்சியில் கோத்துக் கரியில் சுட்ட கோழியைத் தின்றுவிட்டு வந்தார். பெரு நாட்டுக் காய்ந்த மிளகாயும் வினிகரும் சீரகமும் போட்டு ஊறவைத்த கறி. மேலே ஜப்பான்காரர்களின் இனிப்புச் சோயா சாறு. அன்றிலிருந்து இரண்டு நாட்டிலும் பெண் எடுத்தவர் மாதிரி பேசினார்.

கடை போட அவர் கண்ணில் பட்டது, அவள் தைக்கும் முன்னறை. மெஷினைப் படுக்கையறைக்குத் தள்ளிவிட்டு அங்கே அடுப்பை வைத்தார். அவள் கட்டிலில் மண்டியிட்டுத் துணி வெட்டினாள். வீடு அவளுடைய அண்ணனுடையது. அவர் வந்து ருசி பார்த்துச் சரி என்றால் அறை கடையாகும். இல்லையென்றால் அது மறுபடி அவளுக்கு.

"ஒரு ஏப்ரன் தைச்சுக் கொடு. நெஞ்சுல பெரு நாட்டு மிருகம், அந்த நீளக் கழுத்து லாமா இருக்கணும்."

"லாமாவை நீங்க பாத்திருக்கீங்களா?"

"நீ ஜப்பானைப் பாத்திருக்கியா?"

இதற்குப் பதில் சொன்னால் தனக்குத்தான் அசிங்கம் என்று தைத்துக் கொடுத்தாள். லாமா ஆடு மாதிரி வந்தது. அவருக்கு அது போதும்.

இனிப்புச் சோயா சாற்றை முதலிலேயே பூசினால், கறி வேகுமுன் கருகிவிடும். ஒத்திகையின்போதே அவள் சொன்னாள். "துணி வெட்டறவ துணியை வெட்டு" என்றார். அண்ணன் வந்த ஞாயிற்றுக்கிழமை மன்னர் பச்சைக் கறியில் சாற்றை வழிய வழியப் பூசினார். அவள் துணி வெட்டப் போனாள்.

அண்ணன் ஒரு கடி கடித்தார்.

"என்ன மாப்ள, மேல கரி, உள்ள ரத்தம்?"

"மேல பெரு, உள்ள ஜப்பான். அவங்க பச்சையாவே சாப்பிடுவாங்க!"

அண்ணன் துப்பினார். "எனக்கு ரெண்டு நாடும் வேணாம். அடுப்பைத் தூக்குங்க."

சாயங்காலமே அவள் மெஷினை இழுத்து வந்தாள்.

"நான் ஒரு கை பிடிக்கட்டுமா?"

"அந்தக் கையா? வேணாம்."

மன்னர் அடுத்து இத்தாலியைப் பற்றி யோசிப்பதாகச் சொன்னார். அவள் ஏப்ரனைப் பிரித்து மெஷினுக்கு உறை தைத்தாள். ஆட்டை மட்டும் உள்பக்கமாகத் திருப்பிவிட்டாள்.